பின்னால் கட்டிய கைகள்

மிஸ் ஓரிடத்தில் நின்றால் கை இரண்டும் முதுகுக்குப் பின்னால் போய்விடும். வலது கை இடது மணிக்கட்டைப் பிடித்துக்கொள்ளும். அதற்குப் பிறகு என்ன நடந்தாலும் அந்தக் கைகள் முன்னால் வராது. நாங்கள் மெத்தையோடு மல்லுக்கட்டி வேர்த்து விறுவிறுத்துப் போவோம். தலையணை பாதி உறைக்குள்ளும் பாதி வெளியிலுமாகச் சிக்கிக்கொண்டு மானத்தை வாங்கும். மிஸ் பார்த்துக்கொண்டே இருப்பார். எல்லாம் முடிந்த பிறகு பக்கத்தில் வந்து, தலையைச் சாய்த்துக் கட்டிலைப் பார்த்துவிட்டு, "எடுத்துடலாமா அக்கா?" என்று கேட்பார். அவ்வளவுதான். விரித்ததை நாங்களே உருவிப் போட்டுவிட்டு முதலிலிருந்து ஆரம்பிக்க வேண்டும்.

ஹோட்டல் வேலைக்கு எங்களைப் பழக்கிய மிஸ் என்னைவிடப் பன்னிரண்டு வயது சின்னவர். எங்கள் எல்லோரையும் அக்கா என்றுதான் கூப்பிடுவார். நாங்கள் அவரை மிஸ் என்போம். அக்கா அக்கா என்று வாய் நிறையக் கூப்பிட்டு ஒரே கட்டிலை நான்கு தடவை பிரிக்க வைக்கிற தங்கச்சி யாருக்காவது வாய்த்திருக்கிறாளா? எனக்கு வாய்த்தாள். இந்த ஒரு இடத்தில் 'வாய்த்தாள்' என்று எழுதிவிட்டேன். இனிமேல் 'அவர்'தான், வேறு மாதிரி எழுதக் கை வரவில்லை.

கையைப் பின்னால் கட்டிக்கொண்டு நிற்கிறவர்களை எங்களுக்கு முன்னமே தெரியும். தோட்டத்தில் துரை அப்படித்தான் நிற்பார். அவரைப் பார்த்துக் கணக்கெழுதும் பெரிய கிராணியும் அப்படித்தான் நிற்பார். அதனால் முதல் வாரமே நானும் சரோஜாவும் ஒரு முடிவுக்கு வந்துவிட்டோம்: இந்தப் பெண்ணுக்குத் திமிர். சரோஜா தோட்டத்து லயத்தில், அந்த வரிசை வீடுகளில், எனக்கு அடுத்த வீடு, வாயை வைத்துக்கொண்டு சும்மா இருக்க மாட்டாள். "மூஞ்சப் பாத்தா நம்மூட்டுப் புள்ள. நிக்கிறதப் பாத்தா தொர பொண்டாட்டி லா," என்றாள். மிஸ் காதில் விழுகிற மாதிரிதான் சொன்னாள்.

நாங்கள் பதினோரு பேர், எல்லோருமே ரப்பர்த் தோட்டத்தில் பால்மரம் வெட்டியவர்கள். மலாக்காவில் ஆயர் குரோவுக்குப் பக்கத்தில் இருந்த எங்கள் தோட்டம் தொண்ணூறுகளின் நடுவில் கைமாறியது. மரங்களைச் சாய்த்துவிட்டு கோல்ஃப் திடல் போட்டார்கள், அதை ஒட்டி ஹோட்டல் எழுந்தது. பதினெட்டு வருடம் நான் வெட்டிய மர நிரையில் இப்போது நீச்சல் குளம் இருக்கிறது. லயத்தைக் காலி செய்ய வருடக் கடைசிவரை தவணை கொடுத்தார்கள். ஆண்கள் தொழிற்சாலைக்கும் லோரிக்கும் போனார்கள், என் வீட்டுக்காரருக்கு ஒரு தொழிற்சாலையில் குத்தகைக்காரரிடம் காவல் வேலை கிடைத்தது. பெண்களை அறை சுத்தம் செய்யும் வேலைக்கு எடுத்துக்கொள்வதாக ஹோட்டல் சொன்னது. மூன்று மாதம் பயிற்சி, கடைசியில் ஒரு பரீட்சை, தேறினால் நிரந்தர வேலைக்கான கடிதம்.

அந்தக் கடிதத்தில்தான் என் உயிரே இருந்தது. பக்கத்துத் தாமான் குடியிருப்பில் ஒரு வாடகை வீடு பார்த்து வைத்திருந்தேன். இரண்டு அறை, பிள்ளைகள் மூன்று பேரும் நடந்தே பள்ளிக்கூடம் போகலாம். வீட்டுக்குச் சொந்தக்காரர் ஒரு சீனத்து அம்மா, அதே தாமானில் மளிகைக் கடை வைத்திருந்தார். வேலை இல்லாதவர்களுக்கு வீடு கொடுத்து ஏற்கெனவே சூடு பட்டவர். என் வீட்டுக்காரரின் குத்தகை வேலையை எல்லாம் அந்த அம்மா வேலையாகவே எடுத்துக்கொள்ளவில்லை, ஹோட்டல் கடிதத்தைக் கொண்டு வா, சாவி தருகிறேன் என்று சொல்லிவிட்டார். கடிதம் இல்லையென்றால் கிளேபாங்கில் என் நாத்தனார் வீட்டு முன்கூடத்தில் ஐந்து பேரும் பாயை விரித்துக்கொண்டு கிடக்க வேண்டியதுதான். என் நாத்தனார் வாய்க்கு நான் பரீட்சையைவிட அதிகமாகப் பயந்தேன். பயிற்சி அறையில் இதைச் சொல்லிச் சொல்லியே எல்லோர் காதையும் புளிக்க வைத்திருந்தேன்.

முதல் நாள் நடந்ததைச் சொன்னால் சிரிப்பீர்கள். ஹோட்டலில் எங்கள் எல்லோருக்கும் கறுப்புச் சப்பாத்து கொடுத்திருந்தார்கள். கீழ்மாடியில் ஒரு அறையில் பயிற்சி. நாங்கள் பதினோரு பேரும் கதவுக்கு வெளியே சப்பாத்தைக் கழற்றி வரிசையாக வைத்துவிட்டு வெறுங்காலோடு உள்ளே போனோம். யாரும் பேசி வைத்துக்கொள்ளவில்லை. ஒருவர் படுத்து எழுகிற அறைக்குள் சப்பாத்துக் காலோடு போவார்களா? டிராலி தள்ளிக்கொண்டு வந்த மலாய்ப் பையன் இருபத்திரண்டு சப்பாத்தையும் பார்த்துவிட்டு, உள்ளே கல்யாணமா என்று கேட்டான்.

மிஸ் சிரிக்கவில்லை. சப்பாத்தைப் பார்த்தார், எங்கள் கால்களைப் பார்த்தார். "உங்க வீட்டுல கழட்டுங்கக்கா. இங்க கண்ணாடி ஒடஞ்சு கெடக்கும், பாத்ரூம்ல மருந்து சிந்தியிருக்கும். கெஸ்ட் ரூமு முக்கியந்தான். உங்க காலு அதவிட முக்கியம்."

பதினெட்டு வருடம் அட்டைக்கும் முள்ளுக்கும் கொடுத்த கால் இது. இதை முக்கியம் என்று அதுவரை ஒருத்தரும் சொன்னதில்லை. அன்றைக்கு அது எனக்கு உறைக்கவில்லை. சப்பாத்தை மாட்டிக்கொண்டு, பாவம் செய்கிறவள் மாதிரி நுனிக்காலில் உள்ளே போனேன்.

சப்பாத்தாவது பரவாயில்லை, அடுத்த கூத்து வராந்தாவில். விருந்தாளி யாராவது எதிரே வந்தால் நாங்கள் காணாமல் போய்விடுவோம். துணி வைக்கிற அறைக்குள் நான்கு பேர், மாடிப்படிக்குப் பின்னால் இரண்டு பேர். நான் சுவரைப் பார்த்துத் திரும்பி நின்றுகொள்வேன். தோட்டத்தில் துரை கார் வந்தால் பாதையை விட்டு இறங்கிக் கால்வாய் ஓரமாகத் தலையைக் குனிந்து நிற்போம். அது மரியாதை. இங்கேயோ, உங்கள் ஆட்கள் எங்களைக் கண்டு ஏன் ஓடுகிறார்கள் என்று ஒரு விருந்தாளி மேலிடத்துக்கு எழுதிக் கொடுத்துவிட்டார்.

அதற்கு மிஸ் செய்த வைத்தியம் இதுதான். கறுப்புக் கண்ணாடி மாட்டிக்கொண்டு, தோளில் பையைப் போட்டுக்கொண்டு, விருந்தாளி மாதிரி வராந்தாவின் அந்தக் கோடியிலிருந்து நடந்து வருவார். நான் நிமிர்ந்து, கண்ணைப் பார்த்து, 'குட் மார்னிங்' சொல்ல வேண்டும். சத்தம் காணாது என்றால் ஒன்றும் சொல்லாமல் திரும்பிப் போய் மறுபடி நடந்து வருவார். தோட்டத்து மலையில் இந்தக் கோடியிலிருந்து கூப்பிட்டால் அந்தக் கோடியில் பால் எடுக்கிறவர்களுக்குக் கேட்கிற தொண்டை என்னுடையது. அந்தத் தொண்டையிலிருந்து ஒரு குட் மார்னிங் வெளியே வர ஒரு நாள் முழுக்க ஆனது. எத்தனை நடை நடந்தார் என்று எனக்குத் தெரியாது. சாயங்காலம் காலை நீட்டி உட்கார்ந்து குதிகாலை அமுக்கிக்கொண்டிருந்தார். நான் வீட்டுக்குப் போய்க் கோழிக்கெல்லாம் குட் மார்னிங் சொல்வதாகச் சரோஜா லயம் பூராவும் பரப்பிவிட்டாள். சொன்னது உண்மைதான்.

அவருடைய கையை நாங்கள் முதலில் பார்த்தது உம்பாய்க் கடற்கரையில். இரண்டாவது மாதக் கடைசியில், ஒரு ஞாயிற்றுக்கிழமை மத்தியானம், எல்லோரும் வேன் பிடித்துச் சுட்ட மீன் சாப்பிடப் போனோம். மிஸ் மாதா கோயில் பூசை முடிந்து நேராக வந்தார். அவர் வேதக்காரர், மலாக்கா டவுனில் அம்மாவோடு இருந்தார். அப்பா ஜாசின் பக்கம் தோட்டத்தில் வேலை செய்து இறந்தவர் என்பதே அன்றைக்குத்தான் எங்களுக்குத் தெரியும்.

தட்டு நிறைய இறால் வந்தது. மிஸ் ஒன்றை எடுத்தார். தலை ஒரு பக்கம், ஓடு ஒரு பக்கம், இறால் சரோஜா தட்டில். அடுத்தது என் தட்டில். பேசிக்கொண்டே உரிக்கிறார், பார்க்காமலே உரிக்கிறார். யாரும் கேட்கவில்லை. பதினோரு பேர் தட்டிலும் இறால் குவிந்துவிட்டது, அவர் தட்டில் ஒன்றுமில்லை. நாங்கள் வாயைப் பிளந்துகொண்டு பார்த்தோம்.

சரோஜா கேட்டேவிட்டாள். "இம்புட்டு வேகம் இருக்கே மிஸ். எங்களுக்கு ஒரு நாளாச்சும் ஒரு தலகாணியாச்சும் மாட்டிக் குடுத்தீங்களா?"

மிஸ் கையைத் துடைத்தார். பிறகு சொன்னார். கோலாலம்பூரில் அவர் முன்பு வேலை செய்த ஹோட்டலில், தோட்டத்திலிருந்து வந்த ஒரு அக்கா இருந்தாராம். கை மெதுவாம். இரண்டு பிள்ளை, புருஷன் இல்லை. பாவம் என்று அந்த அக்காவின் கட்டிலை எல்லாம் மிஸ்ஸே போட்டுக் கொடுத்தாராம். பரீட்சை அன்றைக்குக்கூட, அதிகாரி வருவதற்கு முன்னால் முக்கால்வாசி முடித்து வைத்துவிட்டாராம். அந்த அக்கா தேறிவிட்டார். அதற்கப்புறம் மிஸ்ஸை வேறு இடத்துக்கு மாற்றினார்கள். இரண்டே வாரத்தில் அந்த அக்காவை வேலையை விட்டு அனுப்பிவிட்டார்கள்.

"போறப்ப என்னையத் தேடி வந்து தேங்க்ஸ் சொல்லிட்டுப் போனாங்கக்கா," என்றார். "திட்டியிருந்தாக்கூட நல்லா இருந்திருக்கும். அதுலேர்ந்து என் கைய நான் நம்புறதில்ல. விட்டா அதுபாட்டுக்குப் போயிரும். அதான் புடிச்சு வச்சிருக்கேன்."

எதையாவது செய்யவேண்டும் போல இருந்தது எனக்கு. ஒரு இறாலை உரித்து அவர் தட்டில் வைத்தேன். நான் உரித்தது சின்னாபின்னமாக இருந்தது. "எடுத்துடலாமா அக்கா?" என்று கேட்டுச் சிரித்தார்.

பரீட்சை நாள் வந்தது. தலைமை அலுவலகத்திலிருந்து ஒரு மலாய்க்காரப் பெரியவர் அட்டையும் பேனாவுமாக வந்திருந்தார். ஆளுக்கு ஒரு அறை, அரை மணி நேரம். எனக்கு முன்னால் எட்டுப் பேர் முடித்துவிட்டார்கள், எட்டுப் பேரும் தேறிவிட்டார்கள். என் முறை வந்தது. மூன்று முறை தட்டினேன். 'ஹவுஸ்கீப்பிங்' என்று மலை அதிரச் சொன்னேன். கதவைத் திறந்து உள்ளே போனேன்.

குளியலறையில் தொட்டியைக் கழுவ மருந்தை ஊற்றும்போது ஒரு சொட்டு காலில் விழுந்தது. சுரீர் என்றது. குனிந்து பார்த்தேன். வெறுங்கால்.

மூன்று மாதப் பாடமும் போய், பயத்தில் பழைய கால் பழைய வேலையைச் செய்துவிட்டது. வாசலிலேயே கழற்றி வைத்துவிட்டு வந்திருக்கிறேன், எனக்கே தெரியாமல். நிமிர்ந்தால் கண்ணாடியில் மிஸ் தெரிந்தார். வாசலில் நிற்கிறார், கை பின்னால். என் சப்பாத்து இரண்டும் அவர் காலடியில் கிடக்கிறது. அதிகாரி அந்தப் பக்கம் அலமாரியைப் பார்த்துக்கொண்டிருந்தார். மிஸ் காலால் ஒரு தள்ளுத் தள்ளினால் போதும், சப்பாத்து உள்ளே வந்துவிடும். ஒரு இருமல் இருமினால்கூடப் போதும். என் கண் கண்ணாடிக்குள் அவரைக் கெஞ்சியது. அவர் பார்த்தார். அசையவில்லை.

எனக்குக் கையும் ஓடவில்லை, காலும் ஓடவில்லை. பிறகு ஒரு குருட்டுத் தைரியம். அந்தப் பெரியவர் கீழே குனிந்து பார்க்காமல் இருந்தால் சரி என்று அப்படியே வேலையைச் செய்தேன். கட்டில் அவ்வளவு அழகாக எனக்கு அதற்கு முன்னால் வந்ததே இல்லை. அரை மணிக்கு ஒரு நிமிடம் மீதம் வைத்து முடித்தேன். அவர் கட்டிலைப் பார்த்தார், தலையை ஆட்டினார். அப்புறம் கீழே பார்த்தார்.

பத்துப் பேர் தேறினார்கள். நான் ஒருத்தி தேறவில்லை. தாளில் மிஸ்ஸும் கையெழுத்துப் போட வேண்டும். போட்டார். "அடுத்த மாசம் இன்னொரு தடவ வைப்பாங்கக்கா," என்றார். உம்பாயில் கேட்ட கதையெல்லாம் எங்கே போயிற்றோ தெரியவில்லை. வீடு போயிற்று என்பது மட்டும்தான் எனக்குத் தெரிந்தது. அந்த நிமிடத்தில் இந்த உலகத்தில் நான் வெறுத்த ஒரே ஆள் மிஸ்தான்.

வருடம் முடிந்தது. லயத்தைக் காலி செய்து கிளேபாங்குக்குப் போனோம். நாத்தனார் வாயைப் பற்றி இங்கே எழுதினால் கதை வேறு பக்கம் போய்விடும். மூன்று நான்கு நாள் கழித்து மனதைத் திடப்படுத்திக்கொண்டு சீனத்து அம்மா கடைக்குப் போனேன். கடிதத்துக்கு இன்னும் ஒரு மாதம் ஆகும் என்று தயங்கித் தயங்கிச் சொன்னேன். அவர் தராசிலிருந்து கண்ணை எடுக்காமல், சரி, அடுத்த மாதம் கொண்டு வா, வீட்டை வேறு யாருக்கும் கொடுக்கவில்லை என்றார். எனக்கு நம்பவே முடியவில்லை. மாரியம்மன் கோயிலுக்குப் போய், அந்த அம்மா பேருக்கு ஒரு அர்ச்சனை செய்தேன். நட்சத்திரம் கேட்டதற்கு என்ன சொல்வதென்று தெரியாமல் என் நட்சத்திரத்தையே சொல்லிவிட்டேன்.

அந்த மாதம் முழுக்க மிஸ் தன் வேலை முடிந்ததும் நான்கு மணிக்கு எனக்காக ஒரு அறையைத் திறந்து வைப்பார். நான் முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டு போவேன். கோழிக்குச் சொன்ன குட் மார்னிங்கை அவருக்குச் சொல்லவில்லை. அவர் கையைப் பின்னால் கட்டிக்கொண்டு நிற்பார், நான் வேலை செய்வேன். ஒருநாள் அவரே ஆரம்பித்தார்.

"அன்னைக்குக் கண்ணாடியில என்னையப் பாத்தீங்கதானே அக்கா?"

"பாத்தேன்."

"ஒங்களுக்கே தெரிஞ்சிருச்சு. திரும்பி வந்து போட்டுக்குவீங்கன்னு காத்துக்கிட்டே இருந்தேன். மார்க்கு கொறஞ்சிருக்கும், ஆனா பாஸ் குடுத்திருப்பாரு. தப்பு பண்ணாத ஆளையா அவரு தேடுறாரு? திருத்திக்கத் தெரிஞ்ச ஆளத்தான் தேடுறாரு."

எனக்கு யார் மேல் கோபப்படுவது என்று தெரியவில்லை. அதுவரை அவர் என்னைக் கைவிட்டதாக நினைத்துக்கொண்டிருந்தேன். நான்கு எட்டு வைத்தால் வாசல். அந்த நான்கு எட்டை எனக்காக இன்னொருத்தர் வைக்கட்டும் என்று நின்றவள் நான்தான். கையிலிருந்த தலையணை உறையில் முகத்தைத் துடைத்துக்கொண்டேன். பிறகுதான் அது விருந்தாளிக்கு உரியது என்று நினைவு வந்து, நானே எடுத்து அழுக்குக் கூடையில் போட்டேன்.

இரண்டாவது பரீட்சையில் தண்ணீர்க் கிளாஸைத் தப்பான பக்கம் வைத்துவிட்டேன். பாதி அறை தாண்டி வந்த பிறகு மூளையில் தட்டியது. நின்றேன். "சாரி சார்," என்று சத்தமாகச் சொல்லிவிட்டு, திரும்பிப் போய் மாற்றி வைத்தேன். காலில் சப்பாத்து இருந்தது. தேறிவிட்டேன். கடிதத்தை மிஸ்தான் கொண்டு வந்து கொடுத்தார். வாங்கிக்கொண்டு ஒரே ஓட்டமாகச் சீனத்து அம்மா கடைக்கு ஓடினேன். மிஸ்ஸுக்கு ஒரு நன்றி சொல்லவில்லை. நாளைக்குச் சொல்லிக்கொள்ளலாம் என்று நினைத்தேன். அப்புறம் வீடு மாற்றுகிற அலைச்சல், அது இது என்று நாள் ஓடிவிட்டது. லங்காவியில் புதிதாகத் திறந்த ஒரு ஹோட்டலுக்கு அவரை அனுப்பினார்கள். பிரிவு விருந்து அன்றைக்கு என் சின்னவனுக்குக் காய்ச்சல், நான் லீவு.

அந்த வீட்டில் நான்கு வருடம் இருந்தோம். பிறகு சொந்தமாக ஒரு சின்ன வீடு கிடைத்தது. அதற்குள் நானும் சூப்பர்வைசர் ஆகிவிட்டேன். சாவியைத் திருப்பிக் கொடுக்கக் கடைக்குப் போனபோது, அன்றைக்கு எனக்காக ஒரு மாதம் காத்திருந்தீர்களே, உங்களை மறக்க மாட்டேன் என்று சீனத்து அம்மாவிடம் சொன்னேன். அந்த அம்மா என்னை விசித்திரமாகப் பார்த்தார்.

"நான் எங்க காத்திருந்தேன்? ஒன் டீச்சர்தான் என்னைய விடல," என்று பாசார் மலாயில் சொன்னார்.

மூன்று தடவை வந்தாராம். முதல் தடவை, இந்த அம்மா முடியாது என்று அனுப்பிவிட்டாராம். இரண்டாவது தடவையும் முடியாது என்றாராம். மிஸ் போகாமல் கையைப் பின்னால் கட்டிக்கொண்டு போலீஸ்காரி மாதிரி கடை வாசலில் நின்றாராம். மூன்றாவது தடவை வந்தபோது லோரியில் சரக்கு வந்து இறங்கியிருந்தது, கடையில் வேறு ஆள் இல்லை. மிஸ் பேசிக்கொண்டே பால் டின்னை எல்லாம் எடுத்து அலமாரித் தட்டில் அடுக்க ஆரம்பித்துவிட்டாராம். லேபிள் எல்லாம் முன்னால் பார்த்து, ஒரு கோடு போட்ட மாதிரி. அவ்வளவு வேகமான கையைத் தன் ஆயுளில் பார்த்ததில்லை என்றார் சீனத்து அம்மா. அதற்கு மேல் முடியாது என்று சொல்ல வாய் வரவில்லையாம்.

பிஸ்கட் டின்னுக்குள்ளிருந்து ஒரு கடிதத்தை எடுத்து மேசை மேல் விரித்து வைத்தார். மலாயில் எழுதியிருந்தது, கீழே மிஸ்ஸின் கையெழுத்து. நான் பரீட்சையில் தோற்ற அன்றைய தேதி. எழுத்துக் கூட்டிப் படித்தேன். 'இந்த அக்கா நன்றாக வேலை செய்கிறவர். அடுத்த மாதம் கண்டிப்பாகத் தேறிவிடுவார். தேறாவிட்டால் இந்த வீட்டுக்கு நான் பொறுப்பு.'

கண்டிப்பாகத் தேறிவிடுவார். நான் அவர் முகத்தைக்கூடப் பார்க்காமல் திரிந்த மாதத்துக்கு முன்னாலேயே எழுதி வைத்துவிட்டார். அறைக்குள்ளே எனக்காக ஒரு தலையணையைத் தொடாத கை, வெளியே வந்து எனக்காகப் பால் டின் அடுக்கியிருக்கிறது. அரிசி மூட்டைகளுக்கு நடுவில் நின்று அழுதேன். லங்காவி ஹோட்டலுக்குக் கடிதம் எழுதிப் போட்டேன், அவர் அங்கிருந்தும் போய்விட்டார் என்று திரும்பி வந்தது. அது பிறகு நடந்தது. அன்றைக்குக் கடையில் நான் எவ்வளவு நேரம் அப்படி நின்றேன் என்று தெரியவில்லை.

"நீயும் இப்ப அவள மாதிரியே நிக்கிற," என்றார் சீனத்து அம்மா.

அப்போதுதான் கவனித்தேன். என் வலது கை, முதுகுக்குப் பின்னால், இடது மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டிருந்தது. புதிதாக வந்த பெண்கள் சாப்பாட்டு நேரத்தில் என்னைப் பற்றி என்ன பேசிக்கொள்கிறார்கள் என்று எனக்குப் புரிந்துவிட்டது. திமிர் பிடித்தவள் என்றுதான் பேசுவார்கள். பேசட்டும்.

வேண்டுமானால் எடுத்துக்கொள் என்று கடிதத்தை என் பக்கம் நகர்த்தினார். கையை முன்னால் கொண்டு வந்து, இரண்டு கையாலும் வாங்கிக்கொண்டேன்.